செத்த கன்சோலுக்கு எதற்கு அப்டேட்?

ஒரு கேம் கன்சோல் கடையை விட்டுப் போன பிறகுதான் அதற்கு உருப்படியான டூல்கள் வந்து சேர்கின்றன. விற்றுக்கொண்டிருக்கும் காலத்தில் எஸ்டிகே (கேம் எழுதும் மென்பொருள் தொகுப்பு), டெவ்கிட் (சோதனை மெஷின்), மேனுவல் எல்லாவற்றுக்கும் கம்பெனி வேண்டும், ஒப்பந்தத்தில் கையெழுத்து வேண்டும், கையெழுத்துப் போட்டபின் வெளியே வாய் திறக்கக் கூடாது. பகலில் நான் பார்க்கும் வேலை அந்த வகை. பெல்லந்தூர் பக்கம் ஒரு ஸ்டுடியோவில் கேம் போர்ட் செய்கிறோம், அதாவது ஒரு மெஷினுக்கு எழுதியதை இன்னொன்றுக்கு மாற்றுகிறோம், அதைப் பற்றி இங்கே ஒரு வரி எழுதினாலும் எச்ஆரிலிருந்து மெயில் வரும், அதனால் அதை விட்டுவிடுகிறேன். ராத்திரியில் பார்க்கும் வேலையைப் பற்றித்தான் இந்தப் பதிவு: நிண்டெண்டோவின் கையடக்க கன்சோல் கேம்பாய் அட்வான்ஸ், அதாவது ஜிபிஏ. 2001-இல் வந்த மெஷின். அதற்கான கம்பைலர் இன்னமும் அப்டேட் ஆகிக்கொண்டிருக்கிறது.

என்னோடு வேலை பார்க்கும் தர்மபுரித் தம்பி ஒருவன் இதைக் கேட்டுச் சிரித்துவிட்டான். "ஏண்ணா, அந்த மெஷின்ல ஒரு ட்ரான்சிஸ்டர் கூட மாறப்போறதில்ல, அப்புறம் அதுக்கு எதுக்கு அப்டேட்டு?" நியாயமான கேள்விதான். மெஷின் மாறாது. 16.78 மெகாஹெர்ட்ஸில் ஓடும் ஏஆர்எம்7டிடிஎம்ஐ ப்ராசசர், சிப்புக்குள்ளேயே 32 கேபி வேகமான மெமரி, வெளியே மெதுவாக 256 கேபி, திரைக்கு 96 கேபி, 240-க்கு 160 பிக்சல். இதில் எதுவும் இனி கூடப்போவதுமில்லை, குறையப்போவதுமில்லை. ஆனால் நாம் எழுதும் சி கோடை அந்த மெஷினுக்குப் புரியவைக்கிற கம்பைலர் வருஷா வருஷம் புத்திசாலி ஆகிறது, புத்திசாலி ஆக ஆக முன்பு கண்டுகொள்ளாமல் விட்ட அரைகுறைகளை இப்போது விடமாட்டேன் என்கிறது.

இந்தப் பக்கம் பெரும்பாலோர் வைத்திருப்பது டெவ்கிட்ப்ரோ என்ற டூல் தொகுப்பு. ஜிபிஏ, டிஎஸ், 3டிஎஸ் மூன்றுக்கும் டெவ்கிட்ஏஆர்எம், கேம்க்யூப், வீ, வீ யூ-வுக்கு டெவ்கிட்பிபிசி, சுவிட்சுக்கு டெவ்கிட்ஏ64. உள்ளே இருப்பது நமக்குத் தெரிந்த திறந்த மூலக் கம்பைலர் ஜிசிசிதான், கூடவே நியூலிப் என்ற சிறிய சி லைப்ரரி, அப்புறம் லிப்ஜிபிஏ, லிப்டாங்க் மாதிரி மெஷினுக்கென்று எழுதியவை. ஜிசிசி பெரிய வெர்ஷன் ஒன்றை வெளியிட்டால் கொஞ்ச நாளில் அது இங்கேயும் வந்துவிடும். அன்றைக்குத்தான் கூத்து ஆரம்பம்.

2000-களில் எழுதிய ஏதாவது ஒரு ஜிபிஏ கேமின் கோடை எடுத்து இன்றைய டூலில் கம்பைல் செய்து பாருங்கள். முதலில், கம்பைல் ஆன துண்டுகளை ஒன்றாகக் கோக்கும் லிங்கர் கத்தும். பல ஃபைல்கள் பொதுவாக இழுத்துக்கொள்ளும் ஹெடர் ஃபைலில், 'இது வேறிடத்தில் இருக்கிறது' என்று சொல்லும் எக்ஸ்டெர்ன் போடாமல் ஒரு குளோபல் வேரியபிளை எழுதி, அந்த ஹெடரை நாலு சி ஃபைலில் சேர்ப்பது அன்று எல்லோரும் செய்த வேலை, லிங்கரும் நாலையும் ஒன்றாக்கிக்கொண்டு பேசாமல் இருந்தது. 2020-இல் வந்த ஜிசிசி 10 அந்தச் சலுகையை இயல்பாகத் தருவதை நிறுத்திவிட்டது. அதைத் தாண்டினால் 2024 மே மாதத்து ஜிசிசி 14 நிற்கும். முன்கூட்டி அறிவிக்காத ஃபங்ஷனைக் கூப்பிடுவதும், ஒரு எண்ணை அப்படியே பாயிண்டரில் (மெமரி முகவரியை வைக்கும் வேரியபிள்) போடுவதும் அதுவரை வெறும் வார்னிங், அதிலிருந்து எரர். ஜிபிஏ கோடில் திரை மெமரியின் முகவரியை நேராக ஒரு பாயிண்டருக்குக் கொடுப்பதுதான் முதல் பாடத்தின் முதல் வரி, வகையை மாற்றிச் சொல்லும் காஸ்ட் போடாமல் எழுதியவர்கள் ஏராளம், அத்தனை பேருடைய கோடும் ஒரே நாளில் நின்றுபோனது. அடுத்து 2025 ஏப்ரலில் ஜிசிசி 15. அதில் சி மொழியின் எந்தத் தரம் (ஸ்டாண்டர்ட்) என்று நாம் சொல்லாவிட்டால் சி23 என்று எடுத்துக்கொள்கிறது. சி23-இல் பூல், ட்ரூ, ஃபால்ஸ் மூன்றும் மொழியின் சொந்தச் சொற்கள். பழைய ஜிபிஏ ஹெடர்களில் இந்த மூன்றையும் ஒரு எனம் (enum) போட்டுத் தாங்களே உண்டாக்கியிருப்பார்கள், மொழியின் சொந்தச் சொற்களாக அப்போது இவை இல்லை. இப்போது அந்த ஒரு வரியிலேயே கம்பைலர் படுத்துவிடும்.

இதெல்லாம் கத்திச் சொல்லும் பிழை என்பதால் எனக்குப் பயமில்லை. உட்கார்ந்தால் ஒரு மாலையில் சரிசெய்துவிடலாம். கத்தாமல் வருவதுதான் ஆபத்து.

ஓசூரில் இருக்கும் நண்பர் ஒருவர், கல்லூரி நாட்களில் எழுதிய ரேஸ் கேம் ஒன்றை ஹார்ட் டிஸ்கிலிருந்து தோண்டியெடுத்துக் கொண்டுவந்தார். புதிய டூலில் ஒரு வார்னிங்கூட இல்லாமல் கம்பைல் ஆனது. ஓட்டினால் பின்னணிப் படத்தின் நிறங்கள் எல்லாம் பேயடித்த மாதிரி, கார்களில் பாதியைக் காணவே இல்லை. கோடில் தப்பு எதுவும் கண்ணில் படவில்லை, 16 பிட் அளவில் ஒவ்வொன்றாகத் திரை மெமரிக்கு நகலெடுக்கும் சாதாரண ஃபார் லூப். நடந்தது இதுதான்: இப்போதைய ஜிசிசி, வேகப்படுத்தச் சொல்லும் ஓ2 ஆப்ஷனைப் போட்டாலே, இப்படிப்பட்ட லூப்பைப் பார்த்ததும் 'ஓ, இது மெம்காப்பி (மெமரியை நகலெடுக்கும் ரெடிமேட் ஃபங்ஷன்)' என்று கண்டுபிடித்து லூப்பை எடுத்துவிட்டு மெம்காப்பியைக் கூப்பிடும் வரியை வைத்துவிடுகிறது. பிசியில் இது நல்ல காரியம். ஜிபிஏவில், நகலெடுக்கும் அளவு சிறியதாக இருந்தாலோ முகவரி நாலால் வகுபடாவிட்டாலோ நியூலிப்பின் மெம்காப்பி பைட் பைட்டாக எழுதும். ஜிபிஏவின் திரை மெமரியோ ஒற்றை பைட்டாக எழுதுவதை ஏற்பதில்லை. பின்னணிப் பகுதியில் ஒரு பைட் எழுதினால் அது பக்கத்து பைட்டிலும் சேர்ந்து விழும், ஸ்ப்ரைட் (நகரும் படம்) பகுதியில் எழுதினால் அந்த எழுத்தையே கண்டுகொள்ளாது. நிறம் கெட்டதற்கும் கார் காணாமல் போனதற்கும் காரணம் இந்த இரண்டு விதிகள்தான்.

தீர்வு ஒரே சொல், வோலட்டைல், அதாவது 'இந்த மெமரியில் எழுதுவதை எழுதியபடியே செய்' என்று கம்பைலருக்குச் சொல்வது. பாயிண்டரில் அதைப் போட்டால் கம்பைலர் லூப்பில் கைவைக்காது. அல்லது டிஎம்ஏ (தானே நகலெடுக்கும் வன்பொருள்) மூலம் நகலெடுக்கலாம், அல்லது இதற்கென்றே லிப்டாங்கில் இருக்கும் ஃபங்ஷனைக் கூப்பிடலாம். நண்பர் கேட்டது: "அப்போ ஓடுச்சே?" ஓடியது, ஏனென்றால் அந்தக் காலத்து ஜிசிசிக்கு இவ்வளவு தெரியாது. இதே குடும்பத்தில் இன்னொன்று, மெமரியை ஒரே மதிப்பால் நிரப்பும் மெம்செட்டை நீங்களே சொந்தமாக எழுதினால், உள்ளே இருக்கும் லூப்பைப் பார்த்து 'இது மெம்செட்' என்று கம்பைலர் முடிவுசெய்து அதற்குள்ளிருந்து அதையே கூப்பிட வைத்துவிடும், ஸ்டாக் நிரம்பி கதை முடிந்தது.

இந்த மெஷினுக்கு இன்னொரு குணம் உண்டு, தப்பு செய்தால் சொல்லாது. பிசியில் நல் பாயிண்டரை, அதாவது பூஜ்ஜிய முகவரியை, தொட்டால் ப்ரோகிராம் செத்துவிழும், உடனே தெரிந்துவிடும். ஜிபிஏவில் பூஜ்ஜிய முகவரியில் இருப்பது மெஷினைத் துவக்கும் பயாஸ், 16 கேபி. வெளியிலிருந்து அதைப் படித்தால் க்ராஷ் ஆகாது, பயாஸ் கடைசியாக எடுத்த கட்டளையின் எச்சம் ஏதோ ஒரு எண்ணாகக் கைக்கு வரும், கேம் அதை வைத்துக்கொண்டு ஓடிக்கொண்டேயிருக்கும். நாலால் வகுபடாத முகவரியிலிருந்து 32 பிட் படித்தாலும் அப்படித்தான், பிட்களைச் சுழற்றி எதையோ தரும். இதனால் இருபது வருஷம் ஒளிந்திருந்த பிழைகள் ஒரு கம்பைலர் அப்டேட்டில் வெளியே வரும். அமெச்சூர்கள் மட்டும்தான் இப்படி எழுதினார்கள் என்று நினைக்க வேண்டாம். போக்கிமான் எமரால்டை ரசிகர்கள் திரும்பவும் சி கோடாக எழுதிவைத்திருக்கிறார்கள் அல்லவா, அசல் கேமோடு பைட் மாறாமல் பொருந்துவதற்கு அவர்கள் ஜிசிசி 2.95 வழிவந்த ஏஜிபிசிசி என்ற கம்பைலரைப் பயன்படுத்துகிறார்கள். 1999-இல் வந்த வெர்ஷன் அது. அதே கோடை இன்றைய ஜிசிசியில் கம்பைல் செய்ய 'மாடர்ன்' என்று தனி வழி வைத்திருக்கிறார்கள், அதில் போனால் சி மொழியின் விதிப்படி வரையறுக்கப்படாத இடங்களைச் சரிசெய்யும் பகுதிகள் தானாகச் சேர்ந்துகொள்ளும். சம்பளம் வாங்கி எழுதியவர்களின் கோடிலும் அவ்வளவு இருந்தது. நிண்டெண்டோ 64-இல் 1996-இல் வந்த சூப்பர் மாரியோ 64-இன் ஜப்பான், அமெரிக்க வெர்ஷன்களில் கேம் கோடை ஆப்டிமைசேஷனே (கம்பைலர் செய்யும் வேகப்படுத்தல்) இல்லாமல் கம்பைல் செய்திருந்தார்கள் என்பதும் இப்படித் திரும்ப எழுதியவர்கள் மூலம்தான் வெளியே தெரிந்தது. கம்பைலரை நம்பாத காலம்.

சரி, இவ்வளவு தொல்லை என்றால் எதற்கு அப்டேட் செய்ய வேண்டும்? எனக்குக் கிடைத்ததைச் சொல்கிறேன்.

நான் எழுதிக்கொண்டிருப்பது ஆடு புலி ஆட்டம். 3 புலி, 15 ஆடு, 23 புள்ளி. 23 என்பது 32-க்குள் அடங்கிவிடுவதால் ஆடுகள் எங்கே என்பது ஒரு ரெஜிஸ்டர் (ப்ராசசருக்குள் இருக்கும் 32 பிட் இடம்), புலிகள் எங்கே என்பது இன்னொரு ரெஜிஸ்டர், மொத்தப் பலகையும் முடிந்தது. எந்தப் புள்ளியிலிருந்து எங்கே நகரலாம், எந்த ஆட்டைத் தாண்டி எங்கே குதிக்கலாம் என்ற அட்டவணையை முன்பெல்லாம் தனியாக ஒரு பைத்தான் ஸ்க்ரிப்ட் எழுதி, அது துப்பும் எண்களைச் சி ஃபைலில் ஒட்டி வைப்பார்கள். இப்போது சி++20-இன் கான்ஸ்டெவால் இருக்கிறது, பலகையில் எந்தப் புள்ளிகள் ஒரே கோட்டில் வருகின்றன என்று மட்டும் எழுதிக் கொடுத்தால் அட்டவணை முழுவதையும் கம்பைலரே கணக்கிட்டு கேசட் ரோமில் வைத்துவிடும், ஜிபிஏ ஒரு சைக்கிள்கூடச் செலவழிக்காது. ஒரு ஃப்ரேமுக்கு 280,896 சைக்கிள்தான் மொத்தக் காசு, வகுத்தலுக்குக் கட்டளையே இல்லாத சிப், தசமத்துக்கு வன்பொருள் கிடையாது, இதில் புலி அடுத்த அடியை யோசிக்கவும் வேண்டும், பாட்டும் ஓட வேண்டும் என்றால் இந்த மாதிரி உதவி பெரிய விஷயம். ஜிசிசி 15-இல் எம்பெட் என்ற வசதியும் வந்துவிட்டது, படத்தையோ ஒலியையோ ஃபைலாகவே கோடுக்குள் இழுத்துக்கொள்ளலாம், அதற்கென்று மேக்ஃபைலில் எழுதிய பத்து வரிச் சடங்கைத் தூக்கிப் போட்டேன்.

பிசியிலேயே ஜிபிஏ மாதிரி நடிக்கும் எமுலேட்டர் பக்கமும் சொல்ல வேண்டும். அதில் ஒன்றான எம்ஜிபிஏவில் ஒரு குறிப்பிட்ட முகவரியில் எழுத்தை எழுதினால் அது லாக் விண்டோவில் வந்து நிற்கும், அதாவது ப்ரிண்ட்எஃப். பிழை தேடும் டூலான ஜிடிபியை இணைத்து வரி வரியாக நடக்கலாம். 2022-இல் வந்த 0.10-இலிருந்து லுவா ஸ்க்ரிப்டும் உண்டு, நான் அதை வைத்து ராத்திரி முழுக்கப் புலியையும் ஆட்டையும் தானாகவே மோதவிட்டுக் காலையில் முடிவைப் பார்க்கிறேன். இந்த வசதியில்லாமல் திரை நிறத்தை மாற்றி மாற்றி 'இதுவரை வந்துவிட்டது' என்று தெரிந்துகொண்ட தலைமுறையை நினைத்தால் கை தானாகக் கும்பிடுகிறது.

தமிழ் எழுத்து தனிக் கதை. இந்த டூல்கள் எல்லாமே எழுத்து என்றால் 8-க்கு 8 கட்டம், ஒரு குறியீட்டுக்கு ஒரு படம் என்ற நம்பிக்கையில் பிறந்தவை. 'ணை' எந்தக் காலத்தில் 8 பிக்சலில் அடங்கியது? புட்டானோ என்ற சி++ எஞ்சின் யூடிஎஃப்-8 எழுத்துகளையும், எழுத்துக்கு எழுத்து மாறும் அகலத்தையும் ஏற்கிறது, அது பாதித் தூரம். மீதித் தூரம் என்னவென்றால், 'கொ' என்பது சேமிப்பில் ககரம், பிறகு ஒகரக் குறி. திரையில் கொம்பு முன்னால், ககரம் நடுவில், கால் பின்னால். இதை ஓடும்போது ஜிபிஏவில் பிரித்துக் கோக்கத் தேவையில்லை என்று முடிவு செய்தேன். கேமில் வரப்போகும் வாக்கியங்கள் எனக்கு முன்பே தெரியும். பிசியில் ஹார்ஃப்பஸ் என்ற எழுத்து கோக்கும் லைப்ரரி வைத்து எல்லா வாக்கியத்தையும் கோத்து, எந்தப் படம் எத்தனையாவது பிக்சலில் என்ற எண்களை மட்டும் ரோமில் வைக்கிறேன். 16 பிக்சல் உயரத்தில் எழுத்துகள் அழகாகவே இருக்கின்றன, 'ஞூ' மட்டும் இன்னும் என் கண்ணுக்குப் பிடிக்கவில்லை. நல்லவேளை, ஆடு புலி ஆட்டத்தில் அதற்கு வேலையில்லை.

அப்டேட் எப்போது செய்வது என்பதில் எனக்குக் கறாரான கருத்து உண்டு: கேம் பாதியில் இருக்கும்போது தொடாதீர்கள். டெவ்கிட்ப்ரோ இப்போது பேக்மேன் (pacman) என்ற பேக்கேஜ் மேனேஜர் மூலம் வருகிறது, ஒரு கட்டளையில் எல்லாமே கடைசி வெர்ஷனுக்குப் போய்விடும், திரும்பி வர வழி கேட்டால் 'பழையதைத் தேடாதே, உன் கோடைச் சரிசெய்' என்பதுதான் அவர்கள் கொள்கை, பழைய வெர்ஷன்களை வைத்திருக்க மாட்டார்கள். அவர்கள் பக்கம் நியாயம் இருக்கிறது, பழைய டூலில் வரும் பிழைக்கெல்லாம் சம்பளமில்லாமல் யார் பதில் சொல்வது? ஆனால் எனக்கு என் கேம் முடிய வேண்டும். அதனால் டூல்கள் எல்லாம் ஒரே வெர்ஷனில் உறைந்திருக்கும், தேதி போட்ட டாக்கர் இமேஜ் ஒன்றை எடுத்து, அதற்குள்தான் கம்பைல் செய்கிறேன், அதன் பிரதி ஹார்ட் டிஸ்கிலும் இருக்கிறது. கேம் முடிந்த மறுநாள் தாராளமாக அப்டேட், கத்துவதையெல்லாம் கத்தவிட்டுச் சரிசெய்யலாம். மாற்று வேண்டுமென்றால் வொண்டர்ஃபுல் டூல்செயின் இருக்கிறது, பேண்டாயின் கையடக்க கன்சோலான வொண்டர்ஸ்வானுக்காகத் தொடங்கி இப்போது ஜிபிஏவுக்கும் வருகிறது. டிஎஸ் எழுதுபவர்களுக்கு அதன்மேல் நிற்கும் ப்ளாக்ஸ்டிஎஸ். புட்டானோ டெவ்கிட்ப்ரோ, வொண்டர்ஃபுல் இரண்டிலும் ஓடும். ரஸ்ட் மொழிப் பிரியர்களுக்கு ஏஜிபி என்று ஒன்று உண்டு, நான் தொட்டதில்லை.

எனக்குள்ள ஒரே கவலை ஜிசிசி மேலேயே. ஜிசிசி 9-இல் ஏஆர்எம் சிப்பின் பழைய தலைமுறைகளான வி2, வி3 இரண்டையும் தூக்கிவிட்டார்கள். ஜிபிஏ சிப் வி4டி, அதற்கு அடுத்த படி. இப்போதைக்கு இருக்கிறது. என்றைக்காவது அதையும் எடுத்தால் அன்றைய வெர்ஷனோடு எல்லோரும் நிற்க வேண்டியதுதான், அல்லது யாராவது தனியாகப் பிரித்துத் தோளில் சுமக்க வேண்டும்.

உயிரோடு இருக்கும் கன்சோல்கள் பக்கம், பொதுவில் தெரிந்ததை மட்டும் சொல்லலாம். மைக்ரோசாஃப்டின் கேம் எஸ்டிகேயான ஜிடிகே கிட்ஹப்பில் கிடைக்கிறது, ஆனால் பிசி பகுதிதான், எக்ஸ்பாக்ஸ் பகுதிக்கு ஒப்பந்தம் வேண்டும். சோனி தன் பிஎஸ்4, பிஎஸ்5 இரண்டுக்கும் க்ளாங் கம்பைலரை எடுத்துக்கொண்டது, அவர்களுடைய ஆட்கள் க்ளாங்கின் தாய்த் திட்டமான எல்எல்விஎம்முக்குத் திருத்தங்கள் அனுப்புவதால் அந்த மெஷின்களின் பெயர்களை அதன் திறந்த மூலத்திலேயே பார்க்கலாம், அத்தோடு சரி. கோடோ (Godot) என்ற கேம் எஞ்சின் திறந்த மூலம் என்பதாலேயே ரகசிய எஸ்டிகேயை உள்ளே வைக்க முடியாது, கன்சோலுக்குப் போக விரும்புகிறவர்கள் கன்சோல் போர்ட்டுக்கு உதவும் டபிள்யூ4 கேம்ஸ் மாதிரி இடத்துக்குத்தான் போக வேண்டும். சோனி 1990-களில் நெட் யாரோஸே என்று கறுப்பு நிறத்தில் ஒரு ப்ளேஸ்டேஷனை அமெச்சூர்களுக்கு விற்றது, நல்ல மனசுதான், ஆனால் எழுதிய கேம் முழுவதும் மெஷினின் மெமரிக்குள்ளேயே அடங்க வேண்டும், சிடியிலிருந்து படிக்க முடியாது. அதே ப்ளேஸ்டேஷனுக்கு இன்று பிஎஸ்நூப்எஸ்டிகே இலவசமாகக் கிடைக்கிறது, சிடியும் படிக்கலாம். மெகா ட்ரைவுக்கு எஸ்ஜிடிகே, ட்ரீம்காஸ்டுக்கு காலிஸ்டிஓஎஸ், நிண்டெண்டோ 64-க்கு லிப்ட்ராகன். மேனுவலுக்கு ஜிபிஏக்காரர்களிடம் மார்ட்டின் கோர்த் எழுதிய ஜிபிஏடெக் இருக்கிறது, ஆபீஸில் பூட்டிவைத்துப் படிக்கும் எந்த டாகுமெண்டும் அதற்கு உறைபோடக் காணாது, என்னென்ன டாகுமெண்ட் என்று கேட்காதீர்கள்.

இப்போது பாக்கி இருப்பது லிங்க் கேபிள் ஆட்டம், ஒருவர் ஆடு, ஒருவர் புலி. மல்டிப்ளே முறையில் ஒரு தடவைக்கு 16 பிட் போகும், வேகம் வினாடிக்கு 115,200 பிட் வரை. 'இங்கிருந்து' 5 பிட், 'அங்கே' 5 பிட், மிச்சம் 6 பிட்டைச் சரிபார்ப்புக்கு வைத்துக்கொள்ளலாம், கோடு தயார். எமுலேட்டரில் இரண்டு விண்டோ திறந்து ஆடியும் பார்த்துவிட்டேன். ஆனால் கேபிளின் டைமிங்கை நிஜ மெஷினில் பார்க்காமல் நம்ப மாட்டேன், என்னிடம் இருப்பது ஒரே ஒரு ஜிபிஏ. எலக்ட்ரானிக்ஸ் கடைகள் இருக்கும் எஸ்பி ரோடு முழுக்க அலைந்தேன், கேட்ட கடையிலெல்லாம் பிஎஸ்பியை எடுத்து நீட்டுகிறார்கள், ஒருவர் டிவி கேமை எடுத்துக் காட்டி "இதுல நிறைய கேம் இருக்கு சார்" என்றார். பெங்களூரில் யாரிடமாவது ஜிபிஏவோ அதன் எஸ்பி (SP) மாடலோ சும்மா கிடந்தால் சொல்லுங்கள், ஞாயிற்றுக்கிழமை அல்சூர் தமிழ்ச் சங்கம் பக்கம் சந்திக்கலாம், கேபிளை நான் கொண்டுவருகிறேன். மைக்ரோ மாடல் வேண்டாம், அதற்குப் பிளக் வேறு.